தினமும் சிரித்துப் பேசியவனை ஒரு நாள் எப்படி வெட்டுகிறார்கள்? – இனப்படுகொலையின் காரணமும் தடுப்பும் (விவாத இழை)

ராயபுரம் படிப்பகம் (வெள்ளி, இரவு 9.10)

எங்கள் தெருப் படிப்பகத்தில் மாதம் ஒரு சனிக்கிழமை மாலை ஏதாவது ஒரு பொருளை எடுத்துப் பேசுவது வழக்கம். சென்ற முறை இலங்கையில் தமிழர்களுக்கு எதிராக நடந்த 1983 ஜூலைக் கலவரத்தைப் பற்றிப் பேசினோம். பிளஸ் டூ படிக்கும் பையன் ஒருவன் எழுந்து, "தினமும் சிரித்துப் பேசிய ஆளை ஒரு நாள் காலையில் எப்படி வெட்ட முடியும்?" என்று கேட்டான். பெரியவர்கள் ஆளுக்கொரு பதில் சொன்னோம். இனவெறி என்றார் ஒருவர், பொறாமை என்றார் இன்னொருவர், அரசியல்வாதிகளின் தூண்டுதல் என்றேன் நான். பையன் விடவில்லை. "வெறியும் பொறாமையும் எல்லா ஊரிலும்தான் இருக்கின்றன. எல்லா ஊரிலும் ஏன் நடப்பதில்லை?"

அடுத்த கூட்டத்துக்கு இந்த இரண்டாவது கேள்வியையே தலைப்பாக வைத்துவிட்டோம். ஜெர்மனி, ருவாண்டா, கம்போடியா, போஸ்னியா, மியான்மர், ஈழம் என எதைப் பற்றித் தெரிந்தாலும் எழுதுங்கள். எதனால் நடந்தது, எந்த இடத்தில் நிறுத்தியிருக்கலாம் என்ற இரண்டும் வேண்டும். மனிதன் மிருகம் என்று மட்டும் சொல்லாதீர்கள். அதை எடுத்துக்கொண்டு போய் அந்தப் பையனுக்கு நான் எதையும் விளக்க முடியாது.

எதிர்க்கேள்வி (வெள்ளி, இரவு 9.32)

தடுப்பு என்ற பேச்சே எனக்கு எரிச்சலூட்டுகிறது. 1948 டிசம்பர் 9 அன்று ஐ.நா.வில் இனப்படுகொலைத் தடுப்பு உடன்படிக்கையை நிறைவேற்றினார்கள். அதற்குப் பிறகுதான் கம்போடியா, ருவாண்டா, போஸ்னியா எல்லாம். 1995 ஜூலையில் போஸ்னியாவின் ஸ்ரெப்ரெனிட்சாவில் சுமார் 8,000 முஸ்லிம் ஆண்களையும் சிறுவர்களையும் போஸ்னிய செர்பியப் படை கொன்றது. அது ஐ.நா.வே பாதுகாப்புப் பகுதி என்று அறிவித்த ஊர். ஐ.நா. படையாக வந்த நெதர்லாந்து வீரர்கள் அங்கேயே இருந்தார்கள். காரணத்தைத் தெரிந்துகொண்டு என்ன செய்யப் போகிறோம்?

காவாங்கரை மகள் (வெள்ளி, இரவு 10.15)

புழல் காவாங்கரை இலங்கை அகதிகள் முகாமில் பிறந்தவள் நான். படிப்பகத்து அண்ணா கேட்ட கேள்விக்கு என் அம்மா சொன்னதையே எழுதுகிறேன்.

1983இல் அம்மாவுக்குப் பதினாறு வயது. கொழும்பு வெள்ளவத்தையில் ஒரு சிங்களவரின் வீட்டில் வாடகைக்கு இருந்தார்கள். ஜூலை 25 காலை கும்பல் தெருவுக்குள் வந்தபோது முன்னால் வந்தவனின் கையில் தாள் இருந்ததாம். வீட்டு எண்ணைப் பார்ப்பான், தாளைப் பார்ப்பான். சில வீடுகளைத் தொடாமல் தாண்டிப் போனார்கள். தமிழரின் சொந்த வீடு என்றால் வீட்டோடு கொளுத்தினார்கள். எங்கள் வீட்டைக் கொளுத்தவில்லை. கட்டில், தையல் இயந்திரம், அம்மாவின் பள்ளிப் புத்தகங்கள் என எல்லாவற்றையும் நடுத்தெருவுக்கு இழுத்துப் போட்டு எரித்தார்கள். வீடு சிங்களவருடையது என்பதும் அவர்களுக்குத் தெரிந்திருந்தது. அம்மாவும் தாத்தாவும் பின்வீட்டுச் சிங்கள அம்மாவின் சமையலறையில் ஒளிந்திருந்தார்கள். வாசலுக்கு வந்தவர்களிடம் அந்த அம்மா சிங்களத்தில் திட்டித் துரத்தியிருக்கிறார்.

இதில் வெறி எங்கே இருக்கிறது, சொல்லுங்கள். வெறி பிடித்தவன் வாடகை வீடா சொந்த வீடா என்று பார்ப்பானா? வாக்காளர் பட்டியலை வைத்துத் தமிழர் வீடுகளை அடையாளம் கண்டார்கள் என்று அந்த நாட்களைப் பற்றி எழுதியவர்கள் பலரும் சொல்கிறார்கள். பட்டியல் என்பது தெருவில் போகிறவனின் கையில் தானாக வந்து விழும் பொருள் இல்லை. யாரோ எடுத்துக் கொடுத்திருக்கிறார்கள்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். ஜூலை 28 அன்று குடியரசுத் தலைவர் ஜெயவர்த்தனா தொலைக்காட்சியில் பேசினார். செத்த தமிழர்களுக்காக ஒரு வார்த்தை இல்லை. அம்மா அதை இன்றும் மறக்கவில்லை. தீ வைத்தவனை மன்னித்தாலும் மன்னிப்பேன், அந்தப் பேச்சை மன்னிக்க மாட்டேன் என்பார்.

பி.வி. காலனி பேரன் (வெள்ளி, இரவு 11.02)

அக்கா எழுதிய பட்டியலைப் பிடித்துக்கொண்டே மேலே போகிறேன். வியாசர்பாடியில் எங்கள் குடும்பம் பர்மாவிலிருந்து வந்தது. பர்மா பஜாரும் அத்தோவும் தெரிந்த அளவுக்கு, நாங்கள் ஏன் வந்தோம் என்பது ஊரில் யாருக்கும் தெரியாது. 1962இல் நே வின் ஆட்சியைப் பிடித்தார். 1964இல் கடைகளையும் தொழில்களையும் அரசுடைமையாக்கினார். தாத்தாவின் அரிசிக் கடைக்கு ஒரு நாள் காலையில் பூட்டுப் போட்டுச் சாவியை வாங்கிக்கொண்டார்கள். சுமார் 3 லட்சம் இந்தியர்கள் வெளியேற வேண்டியதாயிற்று. எங்களை யாரும் கொல்லவில்லை. நீ இந்த மண்ணுக்குச் சொந்தமில்லை என்று காகிதத்தில் எழுதினார்கள், கப்பல் ஏற்றிவிட்டார்கள்.

எங்களுக்கு ஏறி வர ஒரு கரை இருந்தது. அதே மியான்மரின் ரோஹிங்கியா முஸ்லிம்களுக்கு இல்லை. 1982இல் புதிய குடியுரிமைச் சட்டம் வந்தது. 1823க்கு முன்பிருந்தே பர்மாவில் வாழ்ந்ததாக அரசு ஏற்றுக்கொண்ட இனங்களுக்குத்தான் முழுக் குடியுரிமை. அந்தப் பட்டியலில் 135 பெயர்கள் உண்டு, ரோஹிங்கியா என்ற பெயர் கிடையாது. 2014 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் அந்தப் பெயரைப் பதிவு செய்யவே மறுத்தார்கள். 2015இல் அவர்கள் கையில் மிஞ்சியிருந்த தற்காலிக அட்டையும் செல்லாது என்றார்கள். 2017 ஆகஸ்ட் 25க்குப் பிறகு ராணுவம் ஊர் ஊராக இறங்கியது. 7 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் வங்கதேசத்துக்கு ஓடினார்கள். உலகம் அதை 2017இல் நடந்தது என்கிறது. சட்டம் வந்ததற்கும் தீ வைத்ததற்கும் நடுவே முப்பத்தைந்து வருடம் இருந்தது. நிறுத்தியிருக்கக்கூடிய இடம் கேட்டீர்களே, அந்த முப்பத்தைந்து வருடமும் அதுதான்.

காவாங்கரை மகள் (வெள்ளி, இரவு 11.20)

இலங்கையிலும் முதல் அடி காகிதத்தில்தான். 1948 குடியுரிமைச் சட்டம் சுமார் 7 லட்சம் மலையகத் தமிழர்களை நாடற்றவர்கள் ஆக்கியது. விடுதலை கிடைத்த அதே வருடம்!

தண்டையார்பேட்டை வக்கீல் (சனி, காலை 7.45)

சட்டத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிட்டு ருவாண்டாவுக்கு வருகிறேன்.

1948 உடன்படிக்கையின்படி, ஒரு தேசிய, இன, நிற அல்லது மதக் குழுவை முழுமையாகவோ பகுதியாகவோ அழிக்கும் நோக்கத்தோடு செய்தால்தான் இனப்படுகொலை. கொலை மட்டும் இல்லை. பிள்ளை பிறக்காமல் தடுப்பதும், பிள்ளைகளைப் பிடுங்கி வேறு குழுவிடம் கொடுப்பதும் அதில் அடங்கும். நோக்கத்தை நிரூபிப்பதுதான் கடினம். ஈழத்தில் நடந்ததை இனப்படுகொலை என்று 2015இல் இலங்கையின் வடக்கு மாகாண சபை தீர்மானம் போட்டது. அதே வருடம் வந்த ஐ.நா. மனித உரிமை அலுவலகத்தின் விசாரணை அறிக்கை போர்க்குற்றம், மானுடத்துக்கு எதிரான குற்றம் என்ற அளவில் நின்றது. என் கருத்து முன்னதன் பக்கம். நீதிமன்றத்தில் அது இன்னும் தீர்க்கப்படவில்லை.

எதிர்க்கேள்வி ஐயா ஸ்ரெப்ரெனிட்சாவைச் சொன்னார். அந்த வழக்கில் சர்வதேச நீதிமன்றம் 2007இல் சொன்ன தீர்ப்பைப் படியுங்கள். செர்பிய அரசு தானே கொன்றதாக நிரூபிக்கப்படவில்லை, ஆனால் தடுக்கத் தவறிய குற்றம் அதன் மீது உண்டு என்றது. ஆபத்து இருப்பது தெரிந்த நொடியிலிருந்தே கடமை தொடங்குகிறது. பிணம் விழுந்த பிறகு இல்லை.

இப்போது ருவாண்டா. 1930களில் பெல்ஜியம் ஒவ்வொருவரின் அடையாள அட்டையிலும் அவர் ஹூட்டுவா டுட்ஸியா என்று இனத்தை எழுதியது. ஹூட்டுகள் பெரும்பான்மை, டுட்ஸிகள் சிறுபான்மை. சுதந்திரம் வந்த பிறகும் அந்த வரியை யாரும் எடுக்கவில்லை. 1990இல் ஹூட்டு அரசுக்கும் டுட்ஸி கிளர்ச்சிப் படைக்கும் உள்நாட்டுப் போர். 1993 ஆகஸ்டில் அதிகாரத்தைப் பங்கிட ஒப்பந்தம். பங்கு கொடுக்க விரும்பாத ஆளும் கூட்டம் இளைஞர் படையைப் பழக்கியது. வெட்டுக்கத்திகளை இறக்குமதி செய்தது, ஒரு வானொலியைத் தொடங்கியது. அந்த வானொலி டுட்ஸிகளைக் கரப்பான்பூச்சி என்றது. பிறகு ஆட்களின் பெயரையும் வண்டி எண்ணையும் வாசித்தது. 1994 ஏப்ரல் 6 இரவு அதிபரின் விமானம் சுட்டு வீழ்த்தப்பட்டது. சுமார் நூறு நாட்களில் 8 லட்சம் பேர் கொல்லப்பட்டார்கள் என்பது ஐ.நா. சொல்லும் கணக்கு. சாலைத் தடுப்புகளில் கேட்டது ஒன்றுதான்: அட்டையைக் காட்டு.

பையனின் கேள்விக்குப் பதில் ஒரு மாவட்டத்தில் இருக்கிறது. புட்டாரே. தெற்கில் உள்ள மாவட்டம், பல்கலைக்கழகம் இருக்கும் ஊர், டுட்ஸிகள் நிறையப் பேர். நாடெங்கும் ஏப்ரல் 7 முதல் வெட்டிக்கொண்டிருந்தபோது அங்கே ஏறக்குறைய இரண்டு வாரம் பெரிய அளவில் எதுவும் நடக்கவில்லை. மாவட்ட ஆட்சியர் ஜான் பாப்டிஸ்ட் ஹப்யாலிமானா அனுமதிக்கவில்லை. கூட்டம் கூடவிடாமல் பார்த்துக்கொண்டார். அதே மக்கள், அதே வானொலி, அதே அட்டை. மேலே இருந்தவர்கள் அவரைப் பதவி நீக்கினார்கள். ஏப்ரல் 19 அன்று இடைக்கால அதிபரே அந்த ஊருக்கு வந்து, வேலையைச் செய்யாமல் ஒதுங்கி நிற்பவர்களைக் கண்டித்துப் பேசினார். அதற்குப் பிறகுதான் அங்கே தொடங்கியது.

டாபா என்ற ஊரின் தலைவர் அகயேசுவின் கதை இதற்கு நேர்மாறு. முன்னாள் ஆசிரியர். ஏப்ரல் 18 வரை அவரும் தன் ஊரில் கொலையைத் தடுத்தார். அன்று மேலிடத்தோடு நடந்த கூட்டத்துக்குப் போய்த் திரும்பியவர் மாறிவிட்டார். கொலைகளை முன்நின்று நடத்தினார். 1998 செப்டம்பர் 2 அன்று, இனப்படுகொலைக் குற்றத்துக்காக ஒரு சர்வதேச நீதிமன்றம் தண்டித்த முதல் மனிதர் அவர்தான்.

வெறி எல்லா ஊரிலும் இருக்கிறது என்று அந்தப் பையன் சரியாகத்தான் சொன்னான். ஆனால் அதற்கு அனுமதியும் ஆணையும் வேண்டும். கொடுப்பது ஒரு தாசில்தாராக இருக்கலாம், ஒரு இன்ஸ்பெக்டராக இருக்கலாம்.

எதிர்க்கேள்வி (சனி, காலை 8.30)

நல்ல விளக்கம். ஆனாலும் கத்தியைப் பிடித்தது சாதாரண ஆட்கள்தானே? ஆணை என்றால் உடனே கீழ்ப்படிந்துவிடுவார்களா? 1942 ஜூலையில் போலந்தின் யோசெஃபோவ் ஊருக்கு நாஜி ஜெர்மனியின் ஹாம்பர்க்கிலிருந்து போன போலீஸ் படைப்பிரிவை எடுத்துக்கொள்ளுங்கள். சுமார் 500 பேர், பலரும் நடுவயதுக் குடும்பஸ்தர்கள். மேஜரே, முடியாதவர்கள் விலகிக்கொள்ளலாம் என்று காலையில் சொல்லிவிட்டார். அந்த இடத்திலேயே விலகியவர்கள் பத்துப் பன்னிரண்டு பேர்தான். மற்றவர்கள் போய் யூதப் பெண்களையும் குழந்தைகளையும் கிழவர்களையும் சுட்டார்கள். அங்கே மறுத்தால் தண்டனை கூட இல்லை.

தண்டையார்பேட்டை வக்கீல் (சனி, காலை 8.50)

அதற்கு என்னிடம் முழுப் பதில் இல்லை, ஐயா. கூட நிற்பவன் முன்னால் கோழை என்று பெயர் வாங்கக் கூடாது என்ற பயம் பெரிய பங்கு வகித்தது என்று அவர்களின் வாக்குமூலங்களிலேயே தெரிகிறது. ருவாண்டாவில் பிறகு விசாரித்தபோதும் கொலை செய்த பலர் அதைத்தான் சொன்னார்கள்: போகாவிட்டால் நம்மையும் துரோகி என்பார்கள்.

பெரம்பூர் பழைய மில் (சனி, காலை 10.05)

தம்பிகளே, எண்பதை நெருங்கும் கிழவன் நான். நீங்கள் உலகமெல்லாம் சுற்றுகிறீர்கள். நம் பேட்டையிலும் ஒன்று நடந்தது. அது இனப்படுகொலை இல்லை, அந்தப் பெயரை அதற்கு வைக்க மாட்டேன். ஆனால் பழகியவர்கள் எப்படிப் பகைவர் ஆகிறார்கள் என்பதை அதில் பார்க்கலாம்.

1918 ஏப்ரலில் பெரம்பூரில் சென்னைத் தொழிலாளர் சங்கம் தொடங்கினார்கள். வாடியா, திரு.வி.க. எல்லாம் வந்து பேசிய சங்கம். பி அண்ட் சி மில்லில் வேலை செய்த சாதி இந்துக்கள், முஸ்லிம்கள், ஆதிதிராவிடர்கள் எல்லோருக்கும் பொதுவான மில், பொதுவான சங்கு. மூன்றே வருடத்தில், 1921 வேலைநிறுத்தத்தில், ஆதிதிராவிடத் தொழிலாளர் பெரும்பாலோர் வேலைக்குத் திரும்பினார்கள். அவர்களுக்கு மாதக் கணக்கில் பட்டினி கிடக்க வழியில்லை, சங்கத்தில் அவர்கள் குரலுக்கு எடையும் இல்லை. வெளியில் நின்றவர்களுக்கும் வயிறு காய்ந்தது. கோபம் முதலாளியின் மாளிகைக்குப் போகவில்லை, புளியந்தோப்புக் குடிசைகளுக்குப் போனது. குடிசைகள் எரிந்தன. இரண்டு பக்கமும் அடிதடி. ஆகஸ்டில் போலீஸ் துப்பாக்கிச்சூடு, உயிர்ப்பலி. நிர்வாகமும் வெள்ளை அரசும் தலைவர்களும் ஆளுக்கொரு பக்கம் நின்று இதைத் தங்களுக்கு வேண்டிய மாதிரி பயன்படுத்திக்கொண்டார்கள். வேலைநிறுத்தம் தோற்றது. என் தாத்தா வெளியில் நின்ற கூட்டத்தில் இருந்தவர். அந்த வருடத்தைப் பற்றி வீட்டில் யார் கேட்டாலும் எழுந்து போய்விடுவார்.

பஞ்சமும் பயமும் ஒரு பக்கம், உன் சோற்றை அவன் பிடுங்குகிறான் என்று காட்டிக் கொடுப்பவன் ஒரு பக்கம். நடுவில் ஏற்கெனவே இருக்கும் பழைய பிரிவினை. ஜெர்மனியிலும் இதுதானே நடந்தது? தோற்ற போர், வேலையில்லாத் திண்டாட்டம், எல்லாவற்றுக்கும் யூதனே காரணம் என்ற பேச்சு.

எண்ணூர் டீச்சர் (சனி, பகல் 12.40)

பெரியவர் எழுதியதைப் படித்த பிறகு இதை எழுதாமல் இருக்க முடியவில்லை. என் வகுப்பில் பீகார், ஒடிசா பிள்ளைகள் படிக்கிறார்கள். அப்பாக்கள் மணலி, எண்ணூர் பக்கம் ஒப்பந்த வேலை செய்கிறவர்கள். 2023 மார்ச்சில், தமிழ்நாட்டில் வடமாநிலத் தொழிலாளர்களைக் கொல்கிறார்கள் என்று பொய் வீடியோக்கள் பரவின. எங்கோ வேறு ஊர்களில் எடுத்த படங்கள். பீகாரிலிருந்து அதிகாரிகள் குழுவே வந்து பார்த்துவிட்டுப் போனது. அந்த வாரம் ஒரு தாய் பள்ளிக்கு வந்து மாற்றுச் சான்றிதழ் கேட்டார். மூட்டை வாசலில் இருந்தது. நான் எவ்வளவு சொல்லியும், "ஊரில் மாமியார் அழுகிறார், மேடம்" என்றார். பையன் என் மேசையைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

அது வெளியிலிருந்து வந்த பொய். நாம் நம் வாயால் பேசுவதையும் கேளுங்கள். டீக்கடையில், ரயிலில், "வடக்கன் வந்தான், திருட்டு வந்தது" என்கிறோம். 2018 மே மாதம் குழந்தை கடத்துகிறவன் என்ற வாட்ஸ்அப் வதந்தியை நம்பிப் பழவேற்காட்டில் ஒருவரை அடித்துக் கொன்று பாலத்தில் தொங்கவிட்டார்களே, அது ருவாண்டா இல்லை. இங்கிருந்து பஸ் ஏறினால் போய்விடும் ஊர்.

கொருக்குப்பேட்டை (சனி, பகல் 1.15)

டீச்சர், மன்னிக்கவும். ஈழத்தில் நம் மக்கள் பட்டதையும் டீக்கடைப் பேச்சையும் ஒரே இழையில் வைப்பது எனக்குப் பிடிக்கவில்லை. இங்கே வேலை போன ஆட்களின் வருத்தம் பொய்யில்லை. என் அண்ணன் செய்த வெல்டிங் வேலையைப் பாதிக் கூலிக்கு வேறொருவர் செய்கிறார். அதைச் சொன்னால் வெறியனா?

பெரம்பூர் பழைய மில் (சனி, பகல் 1.50)

சொல்வதில் குற்றமே இல்லை, தம்பி. உன் அண்ணனின் கூலியைப் பாதியாக்கியது ஒப்பந்தக்காரர். பாதிக் கூலி வாங்குகிறவன் அதைத் தீர்மானிக்கவில்லை. 1921இலும் கூலியைத் தீர்மானித்தவன் குடிசையில் குடியிருக்கவில்லை. இரண்டு பேரையும் ஒரே சங்கத்தில் சேர்த்து ஒரே கூலி கேள். அதை விட்டுவிட்டு அவனைத் துரத்தினால் அடுத்து வருகிறவன் கால் கூலிக்கு வருவான்.

காவாங்கரை மகள் (சனி, பகல் 2.30)

அண்ணா, எங்கள் கதையைப் பெரிது என்று தனியாக வைப்பதாக நினைத்து நீங்கள் சொல்கிறீர்கள், புரிகிறது. ஆனால் 1956இல் சிங்களம் மட்டுமே ஆட்சிமொழி என்ற சட்டம் வந்தபோதும் அங்கே இப்படித்தான் பேசினார்கள் என்று தாத்தா சொல்வார். தமிழர்கள் நம் உத்தியோகத்தைப் பிடித்துக்கொண்டார்கள் என்று. அதுவும் டீக்கடைப் பேச்சுத்தான். டீச்சர் எழுதியதற்காக நான் வருத்தப்படவில்லை. எழுதியிருக்காவிட்டால்தான் வருத்தப்பட்டிருப்பேன்.

எதிர்க்கேள்வி ஐயாவுக்கும் ஒன்று. ஐ.நா.வின் மீது உங்களை விட எனக்குக் கோபம் அதிகம். 2008 செப்டம்பரில் போர் நடுவே அவர்கள் கிளிநொச்சியை விட்டுப் போனபோது மக்கள் வாசலில் கூடிப் போகாதீர்கள் என்று கெஞ்சினார்கள். அது நிறுவனம் முழுவதின் தோல்வி என்று 2012இல் அவர்களுடைய உள் ஆய்வே ஒப்புக்கொண்டது. அதனால்தான் தடுப்பை அவர்கள் கையில் மட்டும் விடக் கூடாது என்கிறேன்.

காசிமேடு படகு (சனி, மாலை 4.20)

தடுத்த கதை ஒன்று சொல்லவா? அதுவும் எங்கள் தொழில்காரர்கள் கதை. 1943இல் டென்மார்க் ஜெர்மானியர் பிடியில் இருந்தது. யூத சங்கத்தின் பதிவேடுகளை முன்பே கைப்பற்றி வைத்திருந்தார்கள். ஆக, பட்டியல் கையில் இருக்கிறது. டுக்விட்ஸ் என்ற ஜெர்மன் தூதரக அதிகாரியே பிடிக்கப் போகும் நாளை முன்கூட்டிச் சொல்லிவிட்டார். வாத்தியார், டாக்டர், பாதிரியார் எல்லோரும் யூதர்களைத் தேவாலயத்திலும் ஆஸ்பத்திரியிலும் மறைத்து வைத்தார்கள். மீனவர்கள் ராத்திரியில் படகில் ஏற்றி ஜலசந்தியைத் தாண்டி சுவீடனில் இறக்கினார்கள். 7,000 பேருக்கு மேல் தப்பித்தார்கள். பிடிபட்டவர்கள் 500க்கும் குறைவு.

பல மீனவர்கள் காசு வாங்கினார்கள் என்று சிலர் இதைக் குறைத்துச் சொல்வார்கள். எனக்கு அது குறையாகத் தெரியவில்லை. படகு பறிபோனால் வீட்டில் உலை கொதிக்காது. காசு வாங்கிக்கொண்டு காட்டிக் கொடுத்திருக்கவும் முடியும் அல்லவா? கடலில் ரோந்துப் படகின் வெளிச்சம் தூரத்தில் தெரிந்தாலே வயிறு எப்படிக் கலங்கும் என்று எங்களுக்குத் தெரியும். கீழே மீன் அறையில் குழந்தைகளைப் படுக்க வைத்துக்கொண்டு எஞ்சினை ஓட்டியிருக்கிறார்கள்.

எதிர்க்கேள்வி (சனி, மாலை 5.00)

டென்மார்க்குக்குப் பக்கத்தில் சுவீடன் கதவைத் திறந்து வைத்திருந்தது. எல்லோருக்கும் சுவீடன் கிடைப்பதில்லை. இருந்தாலும் புட்டாரேயும் டென்மார்க்கும் என்னை யோசிக்க வைக்கின்றன. கென்யாவையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 2007 டிசம்பர் தேர்தலுக்குப் பிறகு 1,100 பேருக்கு மேல் செத்தார்கள், தேவாலயத்தில் அடைக்கலம் புகுந்தவர்களை எரித்தார்கள். ருவாண்டா போல ஆகிவிடும் என்றுதான் எல்லோரும் பயந்தார்கள். முன்னாள் ஐ.நா. பொதுச்செயலாளர் கோஃபி அன்னான் சமரசம் பேசப் போய் உட்கார்ந்தார். 2008 பிப்ரவரி 28 அன்று இரண்டு தலைவர்களும் அதிகாரத்தைப் பங்கிட்டுக் கையெழுத்துப் போட்டார்கள். 1994இல் ருவாண்டாவிலிருந்த அமைதிப்படையை 270 பேராகக் குறைக்க முடிவெடுத்த அதே ஐ.நா.வில் அமைதிப்படைப் பிரிவின் தலைவராக இருந்தவர் அதே அன்னான்தான்.

வக்கீலுக்கு ஒரு கேள்வி. அந்தப் புட்டாரே ஆட்சியர் என்ன ஆனார்?

தண்டையார்பேட்டை வக்கீல் (சனி, மாலை 5.25)

கைது செய்து கொன்றுவிட்டார்கள்.

டீச்சருக்கு: பகையைத் தூண்டும் பேச்சுக்குப் புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவில் 196ஆம் பிரிவு இருக்கிறது, முன்பு இந்திய தண்டனைச் சட்டத்தில் 153ஏ. வதந்திக்கு 353. அடுத்த முறை அப்படி வீடியோ வந்தால் அனுப்பியவரின் எண்ணோடும் நேரத்தோடும் திரைப்பதிவு எடுத்து எனக்கு அனுப்புங்கள், புகாரை நான் எழுதித் தருகிறேன். 1959இல் உடன்படிக்கையை உறுதி செய்த இந்தியாவில் இனப்படுகொலைக்கென்று தனிச் சட்டம் இன்னும் கிடையாது. அதையும் கூட்டத்தில் பேச வேண்டும்.

கொருக்குப்பேட்டை (சனி, மாலை 6.10)

நானும் வருகிறேன். ஒப்பந்தக்காரர் கூலி விஷயத்தையும் எடுத்தால் அண்ணனையும் அழைத்து வருகிறேன்.

ராயபுரம் படிப்பகம் (சனி, இரவு 8.30)

எடுக்கிறோம். அவசியம் அழைத்து வாருங்கள். அடுத்த சனிக்கிழமை மாலை ஆறு மணி, படிப்பகத்து மாடி. பையனிடம் புட்டாரேயையும் டாபாவையும் கொடுத்திருக்கிறேன், அவனே எழுந்து பேசட்டும். பெரம்பூர் ஐயா 1921ஐப் பேச வேண்டும், படி ஏற நாங்கள் கைகொடுக்கிறோம். காவாங்கரைத் தங்கையின் அம்மாவுக்கு விருப்பம் இருந்தால் மட்டும் வரட்டும், வற்புறுத்த வேண்டாம்.

டீச்சர், உங்கள் வகுப்புப் பிள்ளைகளின் பெற்றோர் நான்கைந்து பேரை அழைக்க முடியுமா? இந்தி, ஒடியா தெரிந்தவர்கள் இழையில் இருந்தால் கை தூக்குங்கள். இரண்டு மணி நேரம் மொழிபெயர்த்துச் சொல்ல ஆள் வேண்டும்.